காதால் படித்த காதற் கதைகள்

ஓர் ஊரைக் கண்ணால் அறிவதைப் போலவே காதாலும் அறியலாம். யாழ்ப்பாணத்திலிருந்து காரைநகர் செல்லும் வீதியிலே, மானிப்பாய்க்கும் சங்கானைக்கும் இடையில் அமைந்திருக்கும் சண்டிலிப்பாய்க் கிராமத்தை நாம் சிறு பிராயத்தில் அறிந்தது பெரும்பாலும் காதினாலேதான். விடியற்காலையிற் கல்வளைப் பிள்ளையார் கோயில் மணியோசை. வெயிலேறும் வேளையில் தோட்டக் கிணறுகளிலே நீரிறைக்கும் இயந்திரங்களின் இரைச்சல். காற்றுக் காலத்திலே பனையோலைகளின் சலசலப்பு. திருவிழா நாட்களிலே சீரணி நாகபூஷணி அம்மன் கோயிற் பக்கமிருந்து மிதந்துவரும் நாதசுர இசை. இவற்றோடு இன்னுமோர் ஓசையும் அந்நாளில் ஊர் முழுவதும் நிறைந்திருந்தது. அதுதான் இலங்கை வானொலியின் குரல்.

ஒழுங்கையின் ஒரு தொங்கலிலிருந்து மறு தொங்கலுக்கு நடந்து செல்பவர், கேட்டுக்கொண்டிருந்த நிகழ்ச்சியில் ஒரு சொல்லையேனும் தவற விடமாட்டார். ஒரு வீட்டு வானொலி விட்ட இடத்திலிருந்து அடுத்த வீட்டு வானொலி தொடரும். இவ்வாறு வேலிகளைத் தாண்டிச் சென்று ஊரையே ஒரு வீடாக்கிய நிகழ்ச்சிகளுள் ஒன்றைப் பற்றியே இன்று வாசகர்களுடன் பேச விரும்புகிறோம். அதன் பெயர் ‘இசையும் கதையும்.’

பெயரிலேயே அதன் இலக்கணம் அடங்கியிருக்கிறது. நேயர் ஒருவர் ஒரு சிறு கதையை எழுதி அனுப்புவார். கதையின் பாத்திரங்கள் மனம் நெகிழும் இடங்களிலே அந்நிலைக்குப் பொருத்தமான திரைப்படப் பாடல்களையும் அவரே குறித்து அனுப்புவார். அறிவிப்பாளர் உணர்ச்சியோடு கதையை வாசிப்பார். குறித்த இடம் வந்ததும் பாடல் ஒலிக்கும். பாடல் ஓய்ந்ததும் கதை தொடரும். பெரும்பாலானவை காதற் கதைகள். அவற்றுள்ளும் பெரும்பாலானவை கைகூடாத காதலின் கதைகள்.

இன்றைய மாணவர்களுக்கு இது ஒரு சாதாரண பொழுதுபோக்காகத் தோன்றக்கூடும். ஆயினும், வீட்டிலே ‘காதல்’ என்ற சொல்லை வாய்விட்டு உச்சரிக்கவே அஞ்சிய ஒரு சமுதாயம், தந்தையும் மகளும் பாட்டியும் பேரனும் ஒரே விறாந்தையில் ஒன்றாயிருந்து காதற் கதைகளைக் கேட்டது என்றால், அது சிறிய சங்கதி அன்று.

வானலையில் வளர்ந்த கலை

இக்கலை ஒரே நாளில் முளைத்ததன்று. கொழும்பிலே ஒழுங்கான ஒலிபரப்பு 1925ஆம் ஆண்டு டிசம்பர் 16ஆம் நாள் ஆரம்பமாயிற்று. 1949இல் அந்நிலையம் ‘ரேடியோ சிலோன்’ என்னும் பெயரைப் பெற்றது. 1967இல் அது கூட்டுத்தாபனமாயிற்று. நாடு குடியரசான 1972ஆம் ஆண்டிலிருந்து இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் என வழங்கலாயிற்று.

அதன் வர்த்தக சேவைக்குப் பெருவாழ்வு அளித்தது அயல் நாட்டில் நிகழ்ந்த ஒரு மாற்றம் எனலாம். 1952இல் இந்தியாவின் ஒலிபரப்பு அமைச்சராக வந்த கேஸ்கர் அவர்கள், திரைப்படப் பாடல்கள் இரசிகர்களின் சுவையைக் கெடுக்கின்றன எனக் கருதினார். அகில இந்திய வானொலியில் அப்பாடல்கள் அருகி மறைந்தன. மக்களோ பாடல்களைக் கைவிடவில்லை. வானொலிப் பெட்டியின் முள்ளைத்தான் கொழும்பின் பக்கம் திருப்பினார்கள். அவ்வாண்டிலேயே ஆரம்பமான ‘பினாக்கா கீத்மாலா’ என்ற இந்தி நிகழ்ச்சி இந்திய உபகண்டம் எங்கும் புகழ் பெற்றது. தமிழ்ப் பாடல்களைக் கேட்கத் தமிழகத்து நேயர்களும் இலங்கை வானொலியை நாடினர். 1957இல் ‘விவித பாரதி’ தோன்றும்வரை அந்த வெற்றிடத்தை நிரப்பியது கொழும்பே. இவ்வாறு திரைப்படப் பாடல் இலங்கைத் தமிழ் நேயரின் அன்றாட மொழியாகிவிட்டது. அந்த மொழியைக் கொண்டு கதை சொல்ல முற்பட்டதே ‘இசையும் கதையும்.’

நாடகத் துறையும் இதற்கு முன்னரே பண்பட்டிருந்தது. ‘சானா’ என்று அறியப்பட்ட சண்முகநாதன் அவர்கள் வானொலித் தமிழ் நாடகத்தை நெறிப்படுத்தி வளர்த்தார். ஏழாலையைச் சேர்ந்த சிறுகதை ஆசிரியர் இலங்கையர்கோன் ‘விதானையார் வீட்டில்’ என்னும் நாடகத்தின் மூலம் யாழ்ப்பாணத்துப் பேச்சை வானலையில் ஏற்றினார். பின்னர் எழுபதுகளில் சில்லையூர் செல்வராசன் எழுதிய ‘தணியாத தாகம்’ தொடர் நாடகம், வாரந்தோறும் குடும்பங்களை வானொலிக்கு முன் கட்டிவைத்தது. கரம்பனைச் சேர்ந்த சோ. சிவபாதசுந்தரம் அவர்கள் ‘ஒலிபரப்புக் கலை’ என்னும் நூலைத் தமிழுக்குத் தந்தார், இலண்டன் பி.பி.சி.யின் தமிழ் ஒலிபரப்புக்குத் ‘தமிழோசை’ என்று பெயர் சூட்டியவரும் அவரே.

நாடகத்துக்கு நடிகர் பலர் வேண்டும், ஒலிக்கலைஞர் வேண்டும், ஒத்திகை வேண்டும். சிரட்டைகளைத் தட்டிக் குதிரைக் குளம்பொலியை உண்டாக்குவது போன்ற உத்திகள் வேண்டும். ‘இசையும் கதையும்’ நிகழ்ச்சிக்கோ ஒரு குரலும் சில இசைத்தட்டுகளுமே போதுமானவை. எழுதுவதற்கு ஒரு கொப்பியும் பேனையும் இருந்தால் வேறொன்றும் வேண்டியதில்லை. ஆகவேதான் அது சாதாரண மக்களின் கைக்கு எட்டியது.

இருளிலே தோன்றும் முகம்

வானொலிக்கென்றே எழுதப்பட்ட முதல் நாடகம் எனக் கருதப்படுவது, 1924ஆம் ஆண்டு ஜனவரி 15ஆம் நாள் பி.பி.சி. ஒலிபரப்பிய ‘அபாயம்’ என்னும் நாடகமாகும். எழுதியவர் ரிச்சர்ட் ஹியூஸ். நிலக்கரிச் சுரங்கமொன்றைப் பார்க்கச் சென்ற ஓர் இளைஞனும் ஓர் இளம் பெண்ணும் ஒரு முதியவரும், விளக்குகள் அணைந்துபோக இருளிலே அகப்பட்டுக்கொள்கின்றனர். பாத்திரங்களாலும் ஒன்றையும் பார்க்க முடியாது. நேயராலும் பார்க்க முடியாது. வானொலியின் குறையையே கதையின் கருவாக்கிய சாமர்த்தியம் அது. கண் மூடப்பட்டபோது காது விழித்துக்கொள்ளும் என்னும் உண்மையை அந்நாடகம் நூறாண்டுகளுக்கு முன்பே உணர்த்திவிட்டது.

காதற் கதைக்கு இவ்வுண்மை மிகவும் பொருந்தும். திரைப்படத்திலே கதாநாயகியின் முகத்தை இயக்குநர் தெரிந்து தருகிறார். வானொலிக் கதையிலே அம்முகத்தைக் கேட்பவரே வரைந்துகொள்கிறார். பாகவதத்தில் வரும் உஷையின் கதையை வாசகர்கள் அறிவார்கள். கனவிலே கண்ட காதலன் யாரென்று அறியாது அவள் வாட, தோழி சித்திரலேகை இளவரசர் பலரின் உருவங்களை ஒவ்வொன்றாக வரைந்து காட்டுகிறாள். அநிருத்தனின் உருவத்தைக் கண்டதும் உஷை நாணித் தலை குனிகிறாள். வானொலிக் கதையைக் கேட்கும் ஒவ்வொருவரும் உஷையாகவும் இருக்கிறார், சித்திரலேகையாகவும் இருக்கிறார்.

இந்த உஷையின் ஊர் எதுவென்று அசாமிய மக்களைக் கேட்டால், பிரமபுத்திரா நதிக்கரையிலுள்ள தேஜ்பூர் நகரைக் காட்டுவார்கள். பாணாசுரனின் சோணிதபுரம் அதுவே என்பது அவர்களின் மரபு. அங்கும் காதற் கதையைக் காதால் கேட்கும் விருப்பம் நம்மிடையே உள்ளது போன்றதே. 1948ஆம் ஆண்டு ஜூலை முதலாம் நாள் ஷில்லாங்கிலும் குவாஹாத்தியிலும் வானொலி நிலையம் ஆரம்பமானதிலிருந்து அசாமிய மொழி வானலையில் ஒலித்து வருகிறது. இன்று அம்மொழியில் இளைஞரும் யுவதியரும் காதற் கதைகளைப் பின்னணி இசையோடு வாசித்துப் பதிவு செய்கிறார்கள். கைத்தொலைபேசியில் அவற்றைப் பிறர் கேட்கிறார்கள். 2024ஆம் ஆண்டு ஒக்டோபரில் இந்திய அரசினாற் செம்மொழி எனப் பிரகடனம் செய்யப்பட்ட அம்மொழி, பழம்பெருமையோடு நின்றுவிடாமல் இளையோரின் காதுக்குள்ளும் புகுந்திருக்கிறது. அவர்கள் இன்று கைத்தொலைபேசியில் செய்வதை, நம்மவர் ஒரு தலைமுறைக்கு முன்பே தபாலட்டையையும் இசைத்தட்டையும் கொண்டு செய்தார்கள்.

ஒரு சைக்கிள் மணி

எமது சொந்த அநுபவம் ஒன்றை ஈண்டுக் கூறுதல் பொருந்தும்.

எழுபதுகளின் பிற்பகுதி. எமக்கு ஒன்பது வயது இருக்கலாம். எமது பெரியம்மாவின் மகள், நாம் அக்கா என்று அழைப்பவர், படிப்பை முடித்துவிட்டு வீட்டிலே தையல் வேலை செய்துகொண்டிருந்தார். ஒருநாள் அவர் எம்மைக் குசினிப் பக்கம் அழைத்து, தடித்த கடித உறையொன்றைத் தந்து, தபாற் கந்தோரிலே சேர்த்துவிட்டு வரும்படி கூறினார். ஒருவருக்கும் சொல்லக்கூடாது என்பது நிபந்தனை. இரண்டு தோடம்பழ இனிப்பு அதற்குச் சம்பளம். உறையின் மேலே கொழும்பு முகவரி எழுதப்பட்டிருந்தது.

பல வாரங்கள் சென்றன. ஒருநாள் வழக்கம்போல ‘இசையும் கதையும்’ ஆரம்பமாயிற்று. பெரியப்பா சாய்மனைக் கதிரையிலே பத்திரிகையை விரித்தபடி இருந்தார். அம்மம்மா பாக்கு இடித்துக்கொண்டிருந்தார். அடுத்த வளவு மாமி வேலிப் பொட்டுக்குள்ளால் வந்து படியில் அமர்ந்திருந்தார். கதையை எழுதியவர் பெயராக அறிவிப்பாளர் ஒரு பூவின் பெயரைச் சொன்னார். தையல் இயந்திரத்தின் ஓசை சட்டென நின்றது. நாம் அக்காவைப் பார்த்தோம். அவர் எம்மைப் பார்த்த பார்வையிலே, வாயைத் திறந்தால் இனிமேல் இனிப்பே கிடையாது என்னும் கட்டளை இருந்தது.

கதை இதுதான். கிணற்றடிக்குப் போகும் ஒரு பெண் நாள்தோறும் வேலிக்கு அப்பால் ஒரு சைக்கிள் மணியைக் கேட்கிறாள். மணிக்குரியவன் உத்தியோகம் கிடைத்துக் கொழும்புக்குப் போகிறான். கடிதங்கள் வருகின்றன. பெண் கேட்டு வந்த அவன் வீட்டார், வீடும் வளவும் நகையும் சீதனமாகக் கேட்கின்றனர். அவளுக்குப் பின்னே இரு தங்கையர். கடிதங்கள் நின்றுபோகின்றன. ஒருநாள் அடுத்த ஒழுங்கையிலிருந்து கலியாண மேளம் கேட்கிறது. அவள் கிணற்றடியிலே நீர் அள்ளுகிறாள். வேலிக்கு அப்பால் யாரோ ஒரு சிறுவன் விளையாட்டாகச் சைக்கிள் மணியை அடித்துக்கொண்டு போகிறான். அவ்வளவே.

கதாநாயகனுக்கு முகமில்லை, பெயரில்லை, ஒரு மணியோசை மாத்திரமே உண்டு. காதுக்கு எழுதுவது எவ்வாறென்று ஒருவரும் கற்பிக்காமலே அக்கா அறிந்திருந்தார் என்பதை நாம் வளர்ந்த பின்னரே உணர்ந்தோம்.

இறுதிப் பாடலும் முடிந்தது. சிறிது நேரம் ஒருவரும் பேசவில்லை. பெரியப்பா பத்திரிகையை மடித்தார்.

“சீதனம் கேட்டது தாய் தேப்பன். பெடியன் வாயைத் திறந்து ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே!” என்றார்.

அம்மம்மா பாக்குரலிலிருந்து தலை நிமிராமலே, “பெட்டையும் சொல்லியிருப்பாள். ஆர் அவளைக் கேட்டது?” என்றார்.

பெரியப்பா மறுமொழி சொல்லவில்லை. தையல் இயந்திரம் மீண்டும் ஓடத் தொடங்கியது.

அடுத்த ஆண்டு அக்காவுக்கு ஒரு சம்பந்தம் பேசி வந்தது. சாதகம் பொருந்தியிருந்தது, கேட்ட சீதனமும் கொடுக்கக் கூடியதாயிருந்தது. அவ்வீட்டிலே அதற்குமேல் ஆலோசிப்பது வழக்கமில்லை. ஆனால் அன்று பெரியப்பா அக்காவை விறாந்தைக்கு அழைத்து, “பிள்ளை, உனக்கு விருப்பமோ?” என்று கேட்டார். மூத்த மகள்கள் இருவரிடமும் அவர் அவ்வாறு கேட்டதில்லை என்று பெரியம்மா பிற்காலத்திற் பலமுறை சொல்லி வியந்ததுண்டு. அக்கா விருப்பமென்றே சொன்னார். அந்தச் சைக்கிள் மணி யாருடையது என்று நாம் ஒருநாளும் அவரைக் கேட்டதில்லை.

ஒரு வானொலிக் கதைதான் ஒரு தந்தையின் மனத்தை மாற்றியது என்று துணிந்து கூற நாம் முன்வரவில்லை. ஆயினும், மகள் நேரிற் சொன்னாற் கேட்டிருக்க முடியாத ஒன்றை, முகமறியாத ஒரு பெண்ணின் கதையாக வந்தபோது அவர் முழுவதும் கேட்டார். இது நாம் கண்ட உண்மை.

எள்ளியோரும் ஏற்றோரும்

‘இசையும் கதையும்’ நிகழ்ச்சியை இலக்கிய அன்பர் சிலர் எள்ளி நகையாடியதுண்டு. ஒரே அச்சில் வார்த்த கண்ணீர்க் கதைகள்; திரைப்பாடலின் முதுகிலே சவாரி செய்யும் எழுத்து; இளம் உள்ளங்களைச் சோம்பலான சோகத்தில் ஆழ்த்துவது என்றெல்லாம் குறை கூறினர். இக்குறைகளில் உண்மை இல்லை என்று நாம் வாதாடப் போவதில்லை. எத்தனையோ கதைகளில் நோயும் விபத்தும் தக்க சமயத்தில் வந்து காதலரைப் பிரித்தன. பாடலுக்காகவே கதையை வளைத்தவரும் இருந்தனர்.

ஆனால், அக்கதைகளிலே திரும்பத் திரும்ப வந்த தடைகள் எவை? சீதனம், சாதி, அந்தஸ்து, வெளிநாட்டு மாப்பிள்ளை மோகம். இவற்றை எழுதியோர் சமூக சீர்திருத்தம் பேசப் புறப்பட்டவர்களல்லர். தம் வீட்டிலும் அயல் வீட்டிலும் கண்டதையே எழுதினார்கள். பத்திரிகைக்குக் கதை அனுப்பத் தயங்கிய பல பெண்களுக்கு, புனைபெயரிலே பேச ஒரு வாசலை அந்நிகழ்ச்சி திறந்து வைத்தது. எழுத்தென்னும் துறையில் அடியெடுத்து வைக்க அது பலருக்கு முதற்படியாயிற்று.

இருளும் இடப்பெயர்வும்

1990ஆம் ஆண்டிலே யுத்தம் மீண்டும் மூண்டபோது யாழ்ப்பாணக் குடாநாட்டுக்கு மின்சாரம் நின்றுபோயிற்று. பற்றரிகளுக்கும் தடை. அந்நாட்களிலே சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, மிதிகட்டையைக் கையாற் சுற்றி, டைனமோவிலிருந்து பிறக்கும் மின்சாரத்தால் மக்கள் வானொலி கேட்டார்கள். ஒருவர் சுற்ற, மற்றவர்கள் சூழ்ந்திருந்து கேட்பார்கள். சுற்றுபவரின் கை தளர்ந்தாற் குரலும் தளர்ந்துவிடும். முதலிற் செய்தி, அதன் பின்னரும் கை ஓயாதிருந்தால் ஒரு பாட்டு. வயிற்றுக்கே வழியற்ற வேளையிலும் காதுக்கு ஒரு கதை வேண்டியிருந்தது.

1995ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆம் நாள் வலிகாமத்து மக்கள் ஊரைவிட்டுப் பெயர்ந்தபோது சண்டிலிப்பாயும் வெறிச்சோடியது. கையிற் கொண்டுபோகக் கூடியவற்றுள், காதற் கதை எழுதிய பழைய கொப்பிக்கு எவர் இடம் கொடுப்பார்? அடுத்த ஆண்டு திரும்பி வந்தபோது பெரியப்பா வீட்டிலே கூரையுமில்லை; அக்காவின் கொப்பிகள் இருந்த மரப்பெட்டியுமில்லை.

ஒலிபரப்பிய நிலையங்களில் எல்லாம் இருக்கும் என்று எண்ணுவதும் பேதைமை. அக்காலத்தில் ஒலிநாடா விலையுயர்ந்த பொருள்; ஒரு நிகழ்ச்சியை அழித்துவிட்டு அதே நாடாவில் இன்னொன்றைப் பதிவு செய்வது உலகப் புகழ்பெற்ற நிலையங்களிலும் வழக்கமாயிருந்தது. அச்சிலேறிய கதைக்கு நூலகத்தில் ஓர் இடமுண்டு. காற்றிலேறிய கதைக்கோ கேட்டவரின் நினைவே நூலகம்.

அண்மையிலே கனடாவில் வாழும் அக்காவோடு தொலைபேசியிற் பேசினோம். அக்கதையை மீண்டும் சொல்லும்படி கேட்டோம். “வசனமெல்லாம் மறந்துபோச்சுது, தம்பி. ஆனால் எந்தப் பாட்டுக்குப் பிறகு எந்தப் பாட்டு எண்டது மட்டும் மறக்கேல்லை” என்று சிரித்தார். பின்னர் முதற்பாட்டின் அடியை மெல்ல முணுமுணுத்தார். அதைத் தொடர்ந்து கிணற்றடி வந்தது, வேலி வந்தது, சைக்கிள் மணி வந்தது. ஒவ்வொரு பாட்டும் தன் பின்னே ஒரு துண்டுக் கதையை இழுத்து வந்தது. அரை மணி நேரத்தில், இறுதியில் வரும் அந்தச் சிறுவன் உட்பட, முழுக்கதையும் திரும்பிவிட்டது. இம்முறை நாம் அதைக் கொப்பியில் எழுதிக்கொண்டோம்.

ஆகவே எமது மாணவ வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டிலோ அயலிலோ அக்காலத்து வானொலி நேயர் ஒருவர் நிச்சயம் இருப்பார். கதை எழுதி அனுப்பியவராகவும் இருக்கலாம். “நீங்கள் என்ன எழுதினீர்கள்?” என்று கேட்டால் வெட்கப்பட்டு மறுத்துவிடுவார்கள். “என்ன பாட்டுப் போட்டார்கள்?” என்று கேளுங்கள். பாட்டு வந்தாற் கதையும் வரும். அதனை அவர்கள் குரலிலேயே உங்கள் கைத்தொலைபேசியில் பதிந்து வையுங்கள். ஆண்டையும் ஊரையும் கேட்டுக் குறித்து வையுங்கள். பாட்டி ஒரு காலத்தில் இளம் பெண்ணாயிருந்தார் என்னும் செய்தியையும் அன்றுதான் நீங்கள் முதன்முறையாக அறியக்கூடும்.